நடுவில் கிடந்த ராஜ்யங்கள்

டெக்சாஸில், ரிச்சர்ட்சன் ஊர் வீட்டின் சாப்பாட்டு மேசையில் அன்று காலை இரண்டு பெரிய தாள்கள் விரித்துக் கிடந்தன. ஒன்று, வெள்ளியங்கிரி மூன்று நாளாகக் கலர் பென்சிலால் தீட்டிய பழைய ஜெர்மனியின் தேசப்படம். மற்றொன்று, பேத்தி கயலின் கல்யாண விருந்தில் யார் எந்த மேசையில் உட்காருவது என்று மகள் வான்மதி போட்டு வைத்திருந்த படம். கல்யாணத்துக்கு இன்னும் பதினைந்து நாள்.

வான்மதியின் படத்தில் மேலிருந்து கீழாக ஒரு கோடு ஓடியது. கோட்டுக்கு இந்தப் பக்கம் பெரியண்ணன் செழியனோடு பேசுகிற சொந்தங்கள். அந்தப் பக்கம் சின்னண்ணன் சபரியோடு பேசுகிற சொந்தங்கள்.

"ஆஸ்டின் சித்தி எந்தப் பக்கம்னே தெரியலப்பா. போன மாசம் வரைக்கும் பெரியண்ணன் பக்கம். இப்ப சின்னண்ணன் போஸ்ட்டுக்கெல்லாம் லைக் போடறாங்க."

"எந்த மேசையில போட்டாலும் சோறுதானே."

"நீங்க ஈஸியா சொல்லீருவீங்க. அடி வாங்கறது நான்." வான்மதி ரப்பரை எடுத்துச் சித்தியை அழித்தாள். "பட்டம் யார் கட்டறாங்கன்னு மட்டும் சொல்லுங்க. போட்டோகிராபர் லிஸ்ட் கேக்கறார்."

"அதை நான் பாத்துக்கறேன்."

"இதையேதான் ரெண்டு மாசமா சொல்றீங்க."

கொங்குக் கல்யாணத்தில் பெண்ணின் நெற்றியில் பட்டம் கட்டுவது தாய்மாமன். இரண்டு மாமன்கள் இருந்தால் மூத்தவன் கட்டுவான், இளையவன் பக்கத்தில் நிற்பான். அண்ணன் தம்பி பேசிக்கொள்கிற வீட்டில் இதை யாரும் இரண்டு நிமிடத்துக்கு மேல் யோசிப்பதில்லை.

செழியனும் சபரியும் சான்டா கிளாராவில் ஒன்றாகக் கம்பெனி ஆரம்பித்தவர்கள். ஆறு வருஷத்துக்கு முன் ஒரு மீட்டிங்கில், தம்பியை வெளியே அனுப்பும் தீர்மானத்துக்கு அண்ணன் கை தூக்கினான். தம்பி நியூ ஜெர்சிக்குக் குடிபோனான். அண்ணன் குபெர்டினோவில் இருக்கிறான். இரண்டு பேருக்கும் நடுவே டெக்சாஸில் இருந்தவள் வான்மதி. அவள் வீட்டில் வருஷத்துக்கு இரண்டு தீபாவளி. ஒரு வாரக்கடைசியில் செழியன் குடும்பம் வரும், அடுத்த வாரக்கடைசியில் சபரி குடும்பம். ஒரு மாமன் வந்திருக்கும்போது இன்னொரு மாமன் பெயரை எடுக்கக்கூடாது என்று கயல் பள்ளிக்கூடம் போகிற வயதிலேயே கற்றுக்கொண்டாள். முதல் குடும்பம் கொண்டுவந்த பரிசுகள் இரண்டாவது குடும்பம் வருமுன் பரணுக்குப் போய்விடும்.

வெள்ளியங்கிரி பார்த்துக்கொண்ட லட்சணம் அவருக்கு மட்டும்தான் தெரியும். இரண்டு மாதத்துக்கு முன் செழியனைக் கூப்பிட்டு, "மூத்தவன் நீ. பட்டம் நீதான் கட்டணும்" என்றார். அடுத்த வாரம் சபரியைக் கூப்பிட்டு, "உனக்கு நடந்தது அநியாயம். பட்டம் உன் கையாலதான்" என்றார். இரண்டு பேரும் ஒரே கேள்வியைக் கேட்டார்கள்: "அவன் கட்டமாட்டான்ல?" இரண்டு பேருக்கும் அவர் "மாட்டான்" என்றார். இரண்டு பேரும் டிக்கெட் எடுத்தார்கள்.

நானூறு பேர் கூடிய சபையில் தன் ரத்தம் குரலை உயர்த்தாது என்பது அவர் கணக்கு. அந்த நேரத்தில் அவர் ஒரு பார்வை பார்ப்பார். யாராவது ஒருவன் விட்டுக்கொடுப்பான். அவருடைய குடும்பத்தைப் பார்த்து இதுவரை எந்தச் சபையும் சிரித்ததில்லை.

வாசலில் ஹார்ன் அடித்தது. கிட்டுசாமி வந்துவிட்டான்.

கிட்டுசாமி பங்காளி வீட்டுப் பையன். வான்மதிக்கு அண்ணன் முறை. பத்து மைல் தள்ளி இருந்தான். ஏர்போர்ட்டுக்கு யாரை அழைக்கப் போக வேண்டும் என்றாலும் அவன் கார்தான். செழியன் வீட்டுக் கிரகப்பிரவேசத்துக்கும் போனான், சபரி வீட்டுக் காதுகுத்துக்கும் போனான். அதனால் இரண்டு வீட்டிலும் அவனுக்கு மரியாதை இல்லை. வெள்ளியங்கிரியும் அவனை அதிகம் ஏறெடுத்துப் பார்ப்பதில்லை.

"ஏறுங்க பெரியப்பா. இன்னைக்கு என்ன பாடம்?"

"ஒன்றாவதற்கு முந்தின ஜெர்மனி."

"அப்ப அது எத்தனை துண்டுங்க?"

"முந்நூறுக்கு மேலே. கடைசியா முப்பத்தொன்பது."

"நம்ம சொந்தம் பரவால்லீங்க, ரெண்டு துண்டுதான்," என்று கிட்டுசாமி சிரித்தான். வெள்ளியங்கிரி சிரிக்கவில்லை. ஃப்ரீவே முழுவதும் தேசப்படத்தைச் சுருட்டி மடியில் வைத்தபடி நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார்.

நூலகத்தின் சின்ன அறையில் சனிக்கிழமைதோறும் தமிழ்ப் பெரியவர்கள் இருபது முப்பது பேர் கூடுவார்கள். போன வாரம் ஒருவர் முழங்கால் வலியைப் பற்றிப் பேசினார். இந்த வாரம் வெள்ளியங்கிரி. கோபிசெட்டிபாளையம் பக்கத்துக் கல்லூரியில் முப்பத்து நாலு வருஷம் வரலாறு நடத்தியவர் அவர். குறிப்பு எதுவும் கையில் எடுக்கவில்லை.

"ஜெர்மனியை ஒரே மனிதர் உட்கார்ந்து தைத்ததாகச் சொல்வார்கள். நான் ஒத்துக்கொள்ள மாட்டேன்," என்று ஆரம்பித்தார். "ஆஸ்திரியாவும் பிரஷ்யாவும் நூற்று இருபது வருஷம் மோதின. இடையில் பிரான்சு வந்தது. அவர்கள் மோதிய மோதலில்தான் நடுவில் இருந்தவர்கள் வெட்டுப்பட்டார்கள், ஒட்டுப்பட்டார்கள்."

தேசப்படத்தில் பச்சை நிறத்தைத் தொட்டார். சாக்ஸனி. 1756-இல் பிரஷ்யா உள்ளே புகுந்தது. அந்த நாட்டுச் சிப்பாய்களின் சட்டையை மாற்றித் தன் படையிலேயே சேர்த்துக்கொண்டது. பிறகு நெப்போலியன் வந்தான். சாக்ஸனி அவன் பக்கம் நின்றது. அவன் தோற்றதும் பாதிக்கு மேல் நிலத்தைப் பிரஷ்யாவிடம் பறிகொடுத்தது. மஞ்சள் நிறம், பவேரியா. அதுவும் நெப்போலியன் பக்கம்தான். ஆனால் அவன் தோற்கப்போகிற நேரம் பார்த்து, லைப்சிக் சண்டைக்குச் சில நாட்கள் முன்னால், கட்சி மாறியது. கிரீடம் தப்பியது. 1866-இல் ஆஸ்திரியாவோடு சேர்ந்து தோற்றது. தோற்ற அடுத்த மாதமே ஜெயித்தவனோடு ரகசிய ஒப்பந்தம் போட்டுக்கொண்டது.

"முதுகெலும்பில்லாதவர்கள்," என்றார் வெள்ளியங்கிரி. முப்பத்து நாலு வருஷமும் இந்த இடத்தில் இந்த வார்த்தையைத்தான் சொல்லியிருந்தார். "ஒரே ஒருவன் நிமிர்ந்து நின்றான். ஹனோவர் அரசன். இரண்டு கண்ணும் தெரியாதவன். பிரஷ்யா ஓலை அனுப்பியது: சண்டையில் ஒதுங்கி நில், உன் நாடு உனக்கு, பதில் இன்றைக்கே வேண்டும். முடியாது என்றான். பன்னிரண்டு நாள் கழித்து அவன் படை பிரஷ்யப் படையை லாங்கன்சால்ட்சாவில் தோற்கடித்தது. ஜெயித்த இரண்டாம் நாள், சுற்றி வளைக்கப்பட்டு ஆயுதத்தைக் கீழே வைத்தது. அவன் நாடு தேசப்படத்திலிருந்தே போனது. ஆனால் மானம் போகவில்லை."

கை தட்டினார்கள். பின்வரிசையில் உட்கார்ந்திருந்த கிட்டுசாமியும் தட்டினான். ஆனால் முகத்தில் காரில் இருந்த சிரிப்பு இல்லை.

யாழ்ப்பாணத்துக்காரரான அரியரட்ணம், ஓய்வுபெற்ற எஞ்சினியர், கை தூக்கினார்.

"சேர், ஒண்டு கேக்கலாமோ?"

"கேளுங்கள்."

"அந்தக் கண் தெரியாத ராசா பிறகு எங்க போனவர்?"

"வியன்னாவுக்கு. ஆஸ்திரியா அடைக்கலம் கொடுத்தது."

"ம். அவர் போயிட்டார், அவற்ற மானமும் அவரோட போயிட்டுது. வெண்ட சண்டையில செத்த பொடியள் இருக்கிறாங்களெல்லோ, அவங்கள் யாற்ற மானத்துக்குச் செத்தவங்கள்?"

அறையில் யாரோ நாற்காலியை இழுத்தார்கள்.

"மற்றவையை நீங்கள் முதுகெலும்பில்லாத ஆக்கள் எண்டுறியள். ரெண்டு பெரியாக்கள் அடிபடேக்க நடுவில வீடு வைச்சிருக்கிறவன் வேற என்ன செய்யிறது, சேர்? இண்டைக்கு இவன் வருவான், நாளைக்கு அவன் வருவான். ரெண்டு பேருக்கும் தேத்தண்ணி குடுக்கத்தான் வேணும். நான் குடுத்தனான்."

அரியரட்ணம் சண்டை பிடிக்கிற குரலில் பேசவில்லை. பஸ் நேரம் விசாரிக்கிற மாதிரிதான் கேட்டார். எந்தப் பரீட்சைத் தாளிலும் வராத கேள்வி அது. "யோசிக்க வேண்டிய விஷயம்," என்று சொல்லி வெள்ளியங்கிரி தேசப்படத்தைச் சுருட்டினார்.

திரும்பும்போது கிட்டுசாமி ரேடியோவைப் போடவில்லை. வீட்டு வாசலில் இறக்கிவிட்டு, "நல்லாப் பேசுனீங்க பெரியப்பா," என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனான்.

உள்ளே வான்மதி அதே மேசையில் உட்கார்ந்திருந்தாள். போனை அவர் பக்கம் நகர்த்தினாள்.

"காத்திருந்து பாத்தேன். முடியல. நானே ரெண்டு பேருக்கும் மெசேஜ் பண்ணினேன், பட்டம் யாருன்னு. படிங்க."

செழியன் எழுதியிருந்தான்: அப்பா என்னைத்தான் கட்டச் சொல்லியிருக்கார். சபரியும் அதையேதான் எழுதியிருந்தான். மூன்று நிமிட இடைவெளி.

"பொய் சொன்னீங்களாப்பா?"

வெள்ளியங்கிரி உட்காரவில்லை. "சபையில வந்து நின்னா எல்லாம் சரியாயிரும்."

"ஆகலைன்னா? என் பொண்ணு மணவறையில நெத்தியைக் காட்டிட்டு உக்காந்திருப்பா. இவங்க ரெண்டு பேரும் பட்டத்தை ஆளுக்கொரு பக்கம் பிடிச்சு இழுப்பாங்க."

"என் பசங்க அப்படிச் செய்யறவங்க இல்லை."

"ஆறு வருஷமா வேறென்ன செய்யறாங்க?"

வான்மதி அழவில்லை. அழுதிருந்தால் அவர் எதையாவது சொல்லித் தேற்றியிருப்பார். அவள் கண்ணைத் தேய்த்துக்கொண்டாள்.

"எனக்கு அலுத்துப் போச்சுப்பா. ரெண்டு தீபாவளி, ரெண்டு வாட்ஸ்அப் குரூப், ரெண்டு பொய். இந்த ஒரு நாள் கயலோடது. கிட்டு அண்ணன் கட்டட்டும். அவரும் மாமன்தான்."

"ரெண்டு மகன் உசிரோட இருக்கறப்ப பங்காளி வீட்டுக்காரன் கட்டறதா? ஊர்ல என்ன பேசுவாங்க? அதுவும் அவன், அந்த முது..."

வார்த்தை பாதியில் நின்றது. பின்வரிசையில் சிரிப்பில்லாமல் கை தட்டிய முகம் அவர் கண்முன் வந்தது. ஆறு வருஷமாக இரண்டு வீட்டு விசேஷத்துக்கும் தவறாமல் போன ஒரே ஆள் அவன். இரண்டு இடத்திலும் கடைசிப் பந்தியில் சாப்பிட்டுவிட்டு, பாத்திரம் எடுத்து வைத்துவிட்டு வந்தவன். நிமிர்ந்து நின்ற இரண்டு பேரும் அவர் பெற்ற பிள்ளைகள். அவர்களுக்கு நிமிரச் சொல்லிக் கொடுத்ததும் அவர்தான்.

கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடியும் போட்டுக்கொண்டார். வான்மதி போனை எடுத்தாள்.

"நீ கூப்பிடாதே," என்றார். "வாக்குக் கொடுத்தது நான். ரெண்டு பேரையும் ஒரே லைன்ல போட்டுக் குடு."

அவள் அவரை ஒரு நொடி பார்த்துவிட்டு இரண்டு எண்களையும் சேர்த்தாள். வகுப்பில் நிற்பதுபோல மேசையோரம் நின்றபடி அவர் பேசினார்.

"செழியா, சபரி, ரெண்டு பேரும் கேளுங்க. பட்டம் நீதான் கட்டணும்னு ரெண்டு பேருக்கும் தனித்தனியா சொன்னேன். நான் பொய் சொன்னேன். கயலுக்குக் கிட்டுசாமி பட்டம் கட்டறான். வர்றதும் வராததும் உங்க இஷ்டம். வந்தா முன்வரிசையில உக்காருங்க. அவ்வளவுதான்."

போனில் இரண்டு மூச்சு கேட்டது. இரண்டு பேரும் வைக்கவில்லை. ஆறு வருஷத்தில் முதல் முறையாக இரண்டு பேரும் ஒரே லைனில் இருந்தார்கள்.

"கிட்டுவா?" என்றான் செழியன் கடைசியில். "நாங்க ரெண்டு பேரு இருக்கறப்ப கிட்டுவாப்பா?"

"அதானே," என்றான் சபரி.

சொன்ன பிறகுதான் தான் யாரோடு ஒத்துப்போனோம் என்று அவனுக்கு உறைத்திருக்க வேண்டும். ஒரு லைன் அறுந்தது. உடனே இன்னொன்றும் அறுந்தது. யார் முதலில் வைத்தது என்று வெள்ளியங்கிரிக்குத் தெரியவில்லை. வருவார்களா என்பதும் தெரியவில்லை. நாற்காலியை இழுத்து உட்கார்ந்தார்.

"தட்டு இருக்கா?" என்றார். "வெத்தலை பாக்கு, பழம். மாமனை வீட்டுக்குப் போய்த்தான் கூப்பிடணும். போன்ல கூப்பிடறது முறையில்லை."

வான்மதி காரை எடுத்தாள். கிட்டுசாமியின் வீடு எந்தத் தெருவில் என்று அவருக்குத் தெரியாது. அமெரிக்கா வந்த ஏழு வருஷத்தில் ஒரு தடவைகூட அவர் அங்கே போனதில்லை.

கிட்டுசாமி அரை டிரவுசரோடு புல் வெட்டிக்கொண்டிருந்தான். மிஷினை நிறுத்திவிட்டு ஓடி வந்தான். "என்னங்க பெரியப்பா, கார்ல எதையாச்சும் மறந்துட்டீங்களா?"

வெள்ளியங்கிரி இரண்டு கையாலும் தட்டை நீட்டினார். "கயலுக்கு நீதான் பட்டம் கட்டணும். வந்து நடத்திக் குடு."

கிட்டுசாமி தட்டைப் பார்த்தான். வான்மதியைப் பார்த்தான். கையை டிரவுசரில் துடைத்துக்கொண்டான். ஆனால் தட்டைத் தொடவில்லை.

"ரெண்டு பேரும் என்மேல பாய்வாங்களேங்க."

"பாய்வாங்க."

"அப்புறம் ரெண்டு வீட்லயும் எனக்குச் சோறு கிடையாது."

"கிடையாது," என்றார் வெள்ளியங்கிரி. இவனிடமும் பொய் சொல்ல அவருக்கு மனம் வரவில்லை. தட்டின் கனம் மணிக்கட்டில் ஏறியது. அவர் அதை இறக்கவில்லை. "காலையில அந்த அறையில நான் சொன்ன வார்த்தை, அதையும் மனசுல வச்சுக்காதே."

கிட்டுசாமி தலையைக் குனிந்து வெட்டின புல்லைக் காலால் ஒதுக்கினான்.

"எங்க வீட்ல சோறு இருக்குங்கண்ணா," என்றாள் வான்மதி பின்னாலிருந்து. "ஆனா இனிமே வருஷத்துக்கு ஒரு தீபாவளிதான்."

அவன் தட்டை வாங்கிக்கொண்டான். "உள்ள வாங்க பெரியப்பா. வெயில்ல நிக்காதீங்க," என்று கதவைத் திறந்துவிட்டான். வெள்ளியங்கிரி செருப்பைக் கழற்றினார். உள்ளே சோபாவில் துணி குவிந்து கிடந்தது. அதை ஒதுக்கி ஓர் ஓரத்தில் உட்கார்ந்து, அன்றைக்கு முதல் முறையாக முதுகைச் சாய்த்துக்கொண்டார்.