மெதுவா ஓட்டிட்டு வா

ஆர்மேனியாவின் அரேனி ஊர் வளைவு வந்ததும் கெகாம் பேச்சை நிறுத்தாமலே ஹார்னை இரண்டு முறை அழுத்தினான். பின்சீட்டில் இருந்த லித்துவேனியச் சுற்றுலாத் தம்பதி திடுக்கிட்டுச் சாலையைப் பார்த்தார்கள். ஆடு மாடு எதுவும் குறுக்கே வரவில்லை.

"பயப்படாதீங்க. எங்க அண்ணன் வீடு இது," என்றான் ருஷ்ய மொழியில். "இந்தப் பக்கமா போனா ஒரு சத்தம் குடுத்துட்டுப் போறது வழக்கம்."

சாலையின் இரு பக்கமும் மேசைகள் போட்டிருந்தார்கள். அறுவடைக் காலமாதலால் எல்லா மேசையிலும் கறுப்புத் திராட்சை குவிந்து கிடந்தது. பக்கத்தில் பழைய கோலா பாட்டில்களில் ஒயின். மது தடைசெய்யப்பட்ட ஈரானுக்குத் திரும்பும் லாரிக்காரர்கள் அப்படித்தான் கேட்பார்கள். எல்லையில் யாராவது எட்டிப் பார்த்தாலும் கோலா மாதிரியே இருக்கும். அண்ணன் செரோபின் மேசை மட்டும் வெறுமையாகக் கிடந்தது. வழக்கமாக அதன் பின்னால் அவன் முதுகைக் காட்டி உட்கார்ந்திருப்பான். ஹார்ன் கேட்டால் திரும்பிப் பார்க்காமலே வலது கையைத் தூக்குவான். மூன்று வருடமாக அண்ணன் தம்பிக்குள் இருந்த பேச்சுவார்த்தை அவ்வளவுதான்.

இன்றைக்குக் கை தூக்க ஆளில்லை. பின்னால் இருந்த வீட்டின் ஜன்னல் சாத்தியிருந்தது. கெகாம் காரின் பின்பார்வைக் கண்ணாடியில் ஒரு தடவை பார்த்தான். திரும்பி வரும்போது இறங்கிக்கொள்ளலாம் என்று வண்டியை விரட்டினான்.

முந்தின நாள் அண்ணி வர்செனிக் போன் செய்திருந்தாள்.

"தம்பி, நாளைக்கு நம்ம பக்கம் வர்றியா?"

"வரேன் அண்ணி. ரெண்டு பேரு. மடாலயம் பார்த்துட்டு ஒயின் குடிக்கணுமாம்."

"அவங்கள இங்க கூட்டிட்டு வரச் சொல்றாரு."

"யாரு, அண்ணனா சொன்னாரு?"

"பின்ன, நானா சொல்றேன்? நீ வந்தா உன்ன வாசல்லயே நிறுத்தி நாலு கேள்வி கேட்டிருப்பேன் நான். அவருதான் சொல்றாரு. ரொம்ப நாள் தாங்காது தம்பி. கூட்டிட்டு வா."

செரோபின் வயிற்றில் கட்டி. இனி வீட்டில் வைத்துப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று வசந்த காலத்திலேயே தலைநகர் யெரெவான் மருத்துவர்கள் அனுப்பிவிட்டார்கள். கெகாம் ஆஸ்பத்திரிக்கு ஒருமுறை போனான். செரோப் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டான். அதற்கு மேல் அங்கே நிற்கத் தம்பிக்கு ரோஷம் இடம் கொடுக்கவில்லை.

சண்டை என்று சொல்லிக்கொள்ளும்படி ஒன்றும் நடக்கவில்லை. மூன்று வருடத்துக்கு முன்னால் கெகாம் தன் விருந்தாளிகளை அண்ணனின் மேசைக்கு அழைத்து வந்தான். செரோப் வாளித் தண்ணீரில் டீ கிளாஸ்களை அலசி, கோலா பாட்டிலைத் திறந்து ஊற்றினான். ஒரு பெண் கிளாஸை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்து முகத்தைச் சுளித்தாள். கெகாமுக்கு மானம் போயிற்று. "இது லாரிக்காரங்க குடிக்கற சரக்கும்மா, வாங்க, நல்ல இடத்துக்குப் போவோம்," என்று சிரித்துக்கொண்டே ருஷ்ய மொழியில் சொன்னான். பல வருடம் ருஷ்யாவுக்கு லாரி ஓட்டியவன் செரோப். அவனுக்கு அந்த மொழி தெரியும் என்பது அந்த நேரத்தில் தம்பிக்கு ஏனோ மறந்துபோயிற்று. ஊர்க்கோடியில் கண்ணாடிச் சுவர் வைத்துப் புதிதாகக் கட்டிய ஒயின் கூடத்துக்குத்தான் அன்றிலிருந்து அவன் எல்லாரையும் அழைத்துப் போகிறான்.

அந்த அண்ணனே கூப்பிட்டு அனுப்பியிருக்கிறான். போய் உட்கார்ந்து ஒரு கிளாஸ் குடித்தால் போதும், மன்னிப்பு கின்னிப்பு என்று வாயைத் திறக்கக்கூட வேண்டாம் என்று கெகாமுக்குத் தெரியும். மனசு லேசாக இருந்ததால்தான் காலையிலிருந்து வாய் ஓயாமல் பேசிக்கொண்டு வந்தான்.

"உங்க ஊர்ல கிளாஸ மோதிக்கிட்டுத்தான் குடிப்பீங்களா?" என்று பின்சீட்டிலிருந்து கேட்டார் தோமஸ்.

"கண்டிப்பா. ஆனா பெரியவங்க கிளாஸுக்குக் கீழ உங்க கிளாஸ் இருக்கணும். மேல தூக்குனா மரியாதை இல்ல. ரெண்டு பேருமே மரியாதைக்காரங்களா இருந்துட்டா வம்புதான். கீழ கீழன்னு போயி கடைசில தரையில உட்கார்ந்து குடிக்கணும்."

அவர் மனைவி தைவா சத்தமாகச் சிரித்தாள். "எப்பவும் மோதணுமா?"

"செத்தவங்களுக்காகக் குடிக்கறப்ப மட்டும் மோதக் கூடாது."

நோராவாங்க் பள்ளத்தாக்கின் சிவந்த பாறைகளுக்கு நடுவே வண்டி ஏறியது. மடாலயத்தின் முன்சுவரில் ஒட்டிக்கொண்டு நிற்கும் குறுகிய கல்படிகளில் தைவா கையும் காலுமாக ஏறினாள். தோமஸ் கீழே நின்று படம் எடுத்தார். பிறகு பக்கத்துக் கோயிலில் மெழுகுவர்த்தி ஏற்றினார்கள். வெளியே வரும்போது பீடத்துக்கு முதுகைக் காட்டக் கூடாது என்று கெகாம் சொல்லிக் கொடுத்தான். மூன்று பேரும் பீடத்தைப் பார்த்தபடி பின்னாலேயே நடந்து வந்தார்கள். அவன் வாசற்படியைக் காலால் துழாவியபோது பாக்கெட்டில் போன் அதிர்ந்தது. எடுப்பதற்குள் நின்றுவிட்டது. அண்ணியின் எண்.

வெளியே வந்து திரும்ப அழைத்தான். எடுத்தது பக்கத்து வீட்டு அர்ஷாவிர்.

"மாமா, நீங்களா? அண்ணி இல்ல?"

"இருக்கா, இருக்கா. கை வேலையா இருக்கா. நீ எங்க இருக்க?"

"மேல, நோராவாங்க்ல. அண்ணன் எப்படி இருக்காரு?"

"செரோப்பா..." அர்ஷாவிர் தொண்டையைச் செருமினார். "தூங்கறான். காலையில சூப் குடிச்சான். நல்லாத்தான் இருக்கான்."

"முழுசாக் குடிச்சாரா?"

"குடிச்சான்ப்பா. ஒண்ணும் அவசரமில்ல. நீ மெதுவா ஓட்டிட்டு வா."

போன் கையில் சில்லிட்டது மாதிரி இருந்தது. அர்ஷாவிர் மாமா ஊரிலேயே வாய்க்கொழுப்புள்ள ஆள். யெரெவான் டிரைவர் துரைக்கு இப்போதுதான் வழி தெரிந்ததா என்று இந்நேரம் கேட்டிருக்க வேண்டும். அவர் போய் மெதுவாக ஓட்டச் சொல்கிறார்.

வண்டி ஓட்டுகிறவன் காதில் இந்தப் பக்கம் யாரும் கெட்ட செய்தியைப் போடுவதில்லை. மலைப்பாதை. கை நடுங்கினால் ஒன்றுக்கு இரண்டாகச் சவப்பெட்டி செய்ய வேண்டியிருக்கும். சாப்பிட்டார், தூங்குகிறார், நீ மெதுவாக வா. எல்லா வீட்டிலும் இதே வார்த்தைகள்தான். அப்பா செத்தபோது செரோப் ருஷ்யாவிலிருந்து லாரியில் வந்துகொண்டிருந்தான். கணவாயில் பனி கொட்டிக்கொண்டிருந்தது. அவனுக்குப் போனில் இதே வார்த்தைகளைச் சொன்னவன் கெகாம்தான். வந்து இறங்கிய செரோப் தம்பியின் கழுத்தைக் கட்டிக்கொண்டு சொன்னான்: "மெதுவா வான்னு நீ சொன்னப்பவே தெரிஞ்சுடுச்சுடா. ஆனா வழியெல்லாம் தெரியாத மாதிரியே ஓட்டிட்டு வந்தேன்."

கெகாமும் தெரியாத மாதிரியே படியிறங்கினான். மாமாவுக்கு வயசாகிவிட்டது, வாயின் கொழுப்பு குறைந்திருக்கலாம். சூப் குடித்திருக்கலாம். நோயாளி பகலில் தூங்குவதில் என்ன அதிசயம்?

"இனிமே ஒயின்தானே?" என்றார் தோமஸ் கைகளைத் தேய்த்துக்கொண்டு. "அந்தக் கண்ணாடிக் கட்டடம்?"

"இல்ல. இன்னைக்கு எங்க அண்ணன் வீட்டுக்குப் போறோம்."

"புரோகிராம்ல அது இல்லையே?"

"அது எப்பவுமே இருக்குற இடம்தான். நாந்தான் சேர்க்கல." கெகாம் காரின் கதவைத் திறந்தான். "இந்த ஊர்லயே நல்ல ஒயின் அவருதுதான். ஆளு கொஞ்சம் முரடு. நீங்க நல்லா இருக்குன்னு சொல்ற வரைக்கும் முகத்தையே பார்த்துக்கிட்டு நிப்பாரு. சொல்லிடுங்க."

வழி முழுக்க அண்ணனைப் பற்றியே பேசினான். மண் தாழிக்குள் தலையை விட்டு முகர்ந்தே ஒயின் பதம் சொல்வாரு. லாரியில கரடிக்கு லிஃப்ட் குடுத்தேன்னு கதை விடுவாரு. எதையும் முடிந்துபோனதாகச் சொல்லவில்லை. கை நடுங்கவில்லை. வண்டி மெதுவாகத்தான் போயிற்று.

வளைவு திரும்பியதும் கேட் அகலத் திறந்து கிடந்தது. சுவரோரம் நாலைந்து ஆண்கள் புகைபிடித்தபடி நின்றார்கள். கேட்டுக்குப் பக்கத்தில் சவப்பெட்டியின் மூடி நிமிர்த்திச் சாய்த்து வைக்கப்பட்டிருந்தது. முன்னமே செய்து வைத்திருந்த புது மரம். சிலுவை வெயிலில் பளபளத்தது.

ஹார்ன்மேல் போன கையைக் கெகாம் எடுத்துக்கொண்டான்.

"வந்தாச்சா?" என்றாள் தைவா. அவளுக்கு அந்த மூடி என்னவென்று தெரியவில்லை.

"வந்தாச்சு," என்றான்.

அர்ஷாவிர் ஓடி வந்து கார்ச் சாவியைத்தான் முதலில் பிடுங்கினார். அப்புறம்தான் அவன் தலையைத் தன் தோளில் சாய்த்துக்கொண்டு அழுதார். "எப்படிடா சொல்றது? நீ மேல இருந்த. அந்த ரோட்டுல எப்படிடா சொல்றது?"

"சரி மாமா."

"திட்டுடா. ரெண்டு வார்த்தை திட்டிடு."

"நானும் இதையேதான் சொல்லியிருப்பேன் மாமா."

உள்ளே சாம்பிராணிப் புகை. சாவு வீட்டு வழக்கப்படி முகம் பார்க்கும் கண்ணாடியைத் துணியால் மூடியிருந்தார்கள். செரோப் சட்டைக் காலருக்குள் கழுத்து ஆடும்படி இளைத்துப் போய்ப் படுத்திருந்தான். தாடையில் மழிக்கும்போது பட்ட காயம் ஒன்று இருந்தது. தம்பி நெற்றியில் முத்தமிட்டான். ஜில்லென்றிருந்தது. அழுகை வரும் என்று நினைத்தான். வரவில்லை. அதுதான் அவனுக்குப் பெரிய வேதனையாக இருந்தது.

தலைமாட்டில் இருந்த வர்செனிக் அவன் கையைப் பிடித்து உட்கார வைத்தாள்.

"எப்போ அண்ணி?"

"நீ போனியே, அதுக்கப்புறம்தான்."

அவன் நிமிர்ந்து பார்த்தான்.

"ஹார்ன் கேட்டுச்சு," என்றாள். "கண்ணத் தொறந்தாரு. வந்துட்டான்னாரு. தாடி மழிச்சு விடுடீன்னாரு. அவசரத்துல வெட்டிட்டேன். சட்டை மாத்திவிட்டேன். ஒயின் எடுத்து வைன்னாரு, வச்சேன். உக்கார வைன்னாரு. தலகாணி குடுத்து உக்கார வச்சேன்." மூச்சு வாங்கிக்கொண்டாள். "கதவையே பார்த்துக்கிட்டு இருந்தாரு. வண்டி நிறுத்த இடம் தேடுறானோ என்னமோன்னு நாந்தான் சொன்னேன். அவன் எப்பவும் ஊரச் சுத்தித்தான் நிறுத்துவான்னாரு. அப்புறம் ஒண்ணும் பேசல."

அவள் அவனைக் குற்றம் சொல்லவில்லை. நடந்ததை நடந்தபடிதான் சொன்னாள். திரும்பி வரும்போது இறங்கிக்கொள்ளலாம் என்று தான் நினைத்ததைக் கெகாம் சொல்லப் பார்த்தான். அதற்குள் அவள் வாசல் பக்கம் பார்த்தாள்.

"விருந்தாளிங்க வெளிய நிக்கறாங்களே," என்றாள் அவள். "அவங்களுக்கு ஊத்து. அவரு ஆசைப்பட்டாரு."

ஜன்னலோர மேசையில் வெள்ளைத் துணி விரித்து மண்ஜாடி வைத்திருந்தது. பக்கத்தில் டீ கிளாஸ் இல்லை. நீளக் காம்பு வைத்த ஒயின் கிளாஸ்கள் நாலு. கண்ணாடிக் கூடத்தில் கொடுப்பது மாதிரியே.

"போன மாசம் டவுனுக்கு ஆள் விட்டு வாங்கினாரு," என்றாள். "இதுல குடுத்தா அவன் என்ன சொல்றான்னு பார்ப்போம்னாரு."

கெகாம் ஒன்றை எடுத்துக் கவிழ்த்துப் பார்த்தான். அடியில் கடை ஸ்டிக்கர் அப்படியே ஒட்டியிருந்தது. நகத்தால் சுரண்டினான். பாதிதான் வந்தது. மீதி விரலில் பிசுபிசுத்தது.

முற்றத்தில் தோமஸும் தைவாவும் தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றார்கள். யாரோ விஷயத்தைச் சொல்லியிருந்தார்கள். கெகாம் மூன்று கிளாஸில் ஊற்றினான். தோமஸ் கிளாஸைத் தூக்கினார். மோதுவதற்காக நீண்ட மனைவியின் கையை மெல்லத் தடுத்துவிட்டுக் குடித்தார். குடித்துவிட்டுக் கெகாமின் முகத்தைப் பார்த்தார்.

"நல்லா இருக்கு," என்றார். "ரொம்ப நல்லா இருக்கு."

அப்போதுதான் கெகாமுக்கு அழுகை வந்தது. சுவரைப் பிடித்துக்கொண்டு, கூட நின்றவர்கள் முகத்தைத் திருப்பிக்கொள்ளும் அளவுக்கு அழுதான்.

விருந்தாளிகளை அர்ஷாவிர் யெரெவானில் கொண்டுபோய் விடுவதாக ஏற்பாடாயிற்று. அவர்கள் போன கொஞ்ச நேரத்தில் சாலையில் ஒரு லாரி வந்து நின்றது. இரண்டு ஹார்ன். உள்ளே அழுதுகொண்டிருந்த பெண்கள்கூட ஒரு நொடி நிறுத்தினார்கள். வர்செனிக் வாசலைப் பார்த்தாள். அப்புறம் கொழுந்தனைப் பார்த்தாள்.

கெகாம் எழுந்து நிலவறைக்குப் போனான். மூலையில் கழுவிக் கவிழ்த்திருந்த கோலா பாட்டில்களில் ஒன்றை எடுத்து, தாழியிலிருந்து மொண்டு நிரப்பி, மூடியை இறுக்கினான். பின்பக்கத் தோட்ட வழியாகச் சாலைக்கு வந்தான். லாரி நின்ற இடத்திலிருந்து கேட்டும் அந்த மூடியும் தெரியாது.

நரைத்த மீசைக்கார ஈரானி டிரைவர் ஜன்னலுக்கு வெளியே தலையை நீட்டினார். கற்றுக்கொண்ட கொஞ்ச ஆர்மேனிய மொழியில் கேட்டார்.

"செரோப் இல்ல?"

கெகாம் அந்தச் சாலையைப் பார்த்தான். எல்லைவரை மலைதான். வளைவுக்கு மேல் வளைவு.

"உள்ள இருக்காரு," என்றான் பாட்டிலைக் கொடுத்தபடி. "இப்பத்தான் சூப் குடிச்சாரு. தூங்கறாரு."

"நீ யாரு?"

"தம்பி."

அந்த ஆள் அவன் சிவந்த கண்களைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பாட்டிலைச் சீட்டுக்குப் பின்னால் பத்திரமாக வைத்தார்.

"அவசரமில்ல," என்றான் கெகாம். "மெதுவா ஓட்டிட்டுப் போங்க."

லாரி நகர்ந்தது. அவன் வெறும் மேசைக்குப் பின்னால் போய் உட்கார்ந்தான். வளைவு திரும்பும் இடத்தில் இரண்டு முறை ஹார்ன் கேட்டது. திரும்பிப் பார்க்காமல் வலது கையைத் தூக்கினான்.