இறக்கிக் கொடுக்கிற டிரான்ஸ்பார்மர்

எங்கள் ஊரில் மழைக்குப் பஞ்சம் வரும், குடிதண்ணீருக்குப் பஞ்சம் வரும். மானத்துக்கு மட்டும் வந்ததே இல்லை. நாகலாபுரத்துக்குப் பக்கம், கரிசல் நடுவில் எங்கள் ஊர். நான் மாவு மில் வைத்திருக்கிறேன். மிளகாய் வத்தல் சீசன்தான் மில்லுக்குப் பிழைப்பு. சரியாக அந்த நேரம் பார்த்து வோல்டேஜ் படுத்துக்கொள்ளும். மோட்டார் உறுமும், சுற்றாது. சுற்றாத மோட்டார் சூடேறிப் புகையும். ஏற்கெனவே ஒருமுறை உள்ளே காயில் கம்பி எரிந்து, கோவில்பட்டிக்குத் தூக்கிக்கொண்டு போய்க் கட்டி வந்தேன். இன்னொரு முறை எரிந்தால் மில்லைப் பூட்டிவிட்டுத் தீப்பெட்டி ஆபீசுக்கு வேலைக்குப் போக வேண்டியதுதான்.

கரண்ட் ஆபீசுக்கு நடையாய் நடந்து, கடைசியில் ஊருக்கென்று தனியாக ஒரு டிரான்ஸ்பார்மர் லாரியில் வந்தது. கூடவே பொறியாளர் சுந்தரேஸ்வரி மேடமும் வந்தார். கூட்டம் கூடியது. கூட்டம் கூடினால் லிங்கராஜ் அண்ணாச்சி வீட்டில் இருப்பாரா? தலைவர் பதவியை ஊர் அவருக்குக் கொடுத்ததில்லை, அவராக எடுத்துக்கொண்டது. இது என்ன வகை என்று கேட்டார். மேடம், பாவம், உண்மையைச் சொல்லித் தொலைத்தார். ஸ்டெப் டவுன் டிரான்ஸ்பார்மர், வோல்டேஜை இறக்கிக் கொடுக்கும் என்றார்.

அண்ணாச்சிக்கு முகம் கறுத்துவிட்டது.

"மத்த ஊருக்கெல்லாம் ஏத்திக் குடுப்பிய, எங்க ஊருன்னா இறக்கியா?"

மேடம் பொறுமையாகத்தான் விளக்கினார். லைனில் வருவது பதினோராயிரம் வோல்ட். அதை அப்படியே வீட்டுக்குள் விட்டால் டிவியும் மிஞ்சாது, டிவி பார்க்கிற ஆளும் மிஞ்சமாட்டார். அதனால் உள்ளே ஒரு இரும்புச் சட்டத்தில் இரண்டு கம்பிச் சுருள்கள். வருகிற பக்கம் சுற்று அதிகம், போகிற பக்கம் குறைவு. இரண்டும் தொட்டுக்கொள்ளாது, நடுவில் காந்தம்தான் கடத்தும். சுற்று குறைகிற அளவுக்கு வோல்டேஜும் குறைந்து, இருநூற்று முப்பதாக வீட்டுக்கு வரும்.

இத்தனையில் அண்ணாச்சி காதில் விழுந்தவை அந்த இரண்டு எண்கள் மட்டுமே. பதினோராயிரம் வருகிறதாம், நமக்கு இருநூற்று முப்பதாம், மிச்சத்தைத் தின்றது யார் என்று கேட்டார். அதானே என்றது கூட்டம். இறக்குகிற சாமான் இந்த ஊருக்கு வேண்டாம் என்று தீர்ப்பும் சொல்லியாயிற்று. கம்பம் நடவேண்டிய இடமோ அவருடைய மிளகாய்க் காட்டு ஓரம். மேடம் போனை எடுத்து, இதைப் பக்கத்து ஊருக்குக் கொண்டுபோகலாமா என்று யாரிடமோ கேட்க ஆரம்பித்தார்.

 மில்லில் ஊர் வத்தல் மூட்டை மூட்டையாகக் காத்துக் கிடக்கிறது. இந்த மனிதர் மானத்துக்கு என் மோட்டாரா எரிய வேண்டும்? வந்த ஆத்திரத்தை விழுங்கிக்கொண்டு, அவரை மில்லுக்குள் கூட்டிப்போய் பெல்ட்டைக் காட்டினேன். மோட்டாரில் சின்னச் சக்கரம், மிஷினில் பெரிய சக்கரம். மிஷின் மெதுவாகச் சுற்றும், ஆனால் இழுவை கூடும். குறைந்த வேகத்தை யாரும் தின்றுவிடவில்லை.

"அதே கததான் அண்ணாச்சி. வோல்டேஜ இறக்குதாவ, பதிலுக்குக் கரண்ட ஏத்துதாவ. நீங்க ஏத்துத பக்கத்த மட்டும் ஊருக்குச் சொல்லுங்க."

பெல்ட்டை விரலால் தட்டிப் பார்த்தார். புரிந்ததா என்று என்னைக் கேட்காதீர்கள். ஏற்றுகிறது என்று ஒரு சொல் கிடைத்துவிட்டது, அவருக்கு அது போதும். வெளியே போய், தாம் சண்டை போட்டுக் கரண்டை ஏற்றவைத்துவிட்டதாக அறிவித்தார். கம்பம் நட்டார்கள், தேங்காய் உடைத்தார்கள். 'ஊருக்குக் கரண்டை ஏற்றிய அண்ணன்' என்று பிளெக்ஸும் வைத்தார்கள். கைகூப்பி நிற்கும் அண்ணாச்சி அதில் டிரான்ஸ்பார்மரைவிடப் பெரிதாக இருந்தார்.

புறப்படும்போது மேடம் ஒன்று சொல்லிவிட்டுப் போனார். லோ வோல்டேஜுக்காக வீட்டில் பூஸ்டர் பெட்டி வைத்திருப்பவர்கள் அதைக் கழற்றிவிட வேண்டும். அதுவும் ஒரு குட்டி டிரான்ஸ்பார்மர்தான், வருகிற வோல்டேஜைத் திருகு வைத்த அளவுக்கு ஏற்றிவிடும், இனி அது ஆபத்து. நாங்கள் கழற்றினோம். கரண்டை ஏற்றிய அண்ணன் கழற்றுவாரா? திருகை உச்சத்திலேயே விட்டிருந்தார்.

மறுநாள் சுவிட்சைப் போட்டதும் மோட்டார் ஒரே மூச்சில் எடுத்தது. வத்தல் நெடியில் தும்மித் தும்மி அரைத்தேன். அப்படி ஒரு சந்தோஷம் எனக்கு. பெண்கள் வாளியும் டப்பாவுமாக வரிசையில் நின்றார்கள். அப்போதுதான் அண்ணாச்சி துண்டால் மூக்கைப் பொத்திக்கொண்டு வந்தார். வீட்டில் டிவியும் ஃபிரிட்ஜும் சேர்ந்து புகைந்துவிட்டனவாம். அக்கம்பக்கம் பார்த்துவிட்டு, குரலைத் தாழ்த்தினார்.

"கிருபா, அந்த மேடத்துக்கிட்ட சொல்லி, நம்ம வீட்டுக்கு மட்டும் கொஞ்சம் இறக்கிக் குடுக்கச் சொல்லேன்."

மோட்டார் இரைச்சலில் ஒன்றும் கேட்கவில்லை, சத்தமாகச் சொல்லுங்கள் என்றேன். வரிசையில் நின்ற பெண்கள் எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள்.