செபஸ்தியம்மாவின் ஒருநாள் சைவம்

யோசப்பினின் இடது கையில் மாவுக்கட்டு. கட்டியவர் ஆஸ்பத்திரி டாக்குத்தர்; கட்டவைத்தவன் புருசன் கனிசியஸ். கடலுக்குப் போக நேவி தடை போட்ட நாள்முதல் குருநகர் ஆம்பிளைகள் கரையில் குந்தியிருந்தார்கள். நேவிக்கு அடிக்க ஏலாது, பெண்சாதிக்கு அடிக்கலாம். கனிசியஸ் ஏலுமானதைச் செய்தான்.

முதலில் கன்னம் வீங்கியபோதே யோசப்பின் பொலிசில் முறைப்பாடு கொடுத்தாள். நீதவான் மூக்குக்கண்ணாடியைக் கழற்றிவிட்டு, "இது குடும்ப விசயம். சமாதானமாய்ப் போங்கோ" என்றார். போனார்கள். சமாதானம் வாசல் படலை வரைக்கும்தான் கூடவந்தது. உள்ளே போனதும் கை முறிந்தது.

இன்றைக்குக் கை முறித்த வழக்கு, அதே நீதவான். மறுபடியும் அவர் வாயிலிருந்து 'சமாதானம்' வந்தால் மற்றக் கையும் போகும். வீடு அவளுடைய சீதன வீடு. அவன் அதைவிட்டு வெளிக்கிட வேண்டும். அவளுக்கு வேண்டியது அவ்வளவுதான்.

கோட்டு வாசல் வேம்பின் கீழே, நெற்றி நிறைய விபூதியோடு கனிசியஸுக்காக வழக்காடுகிற அப்புக்காத்து செல்வரட்ணம், அவன் தாய் செபஸ்தியம்மாவுக்குப் பாடம் எடுத்துக்கொண்டிருந்தார்.

"என்ன சொல்லுவியள், ஆச்சி?"

"மருமோள் கிணத்தடிப் பாசியிலை வழுக்கி விழுந்தவள்."

"உங்கடை மோன்?"

"அவன் அந்தநேரம் கோயிலிலை."

"கோயில் வேண்டாம், ஒருத்தரும் நம்பாயினம். கரையிலை கிழிஞ்ச வலை பொத்தினவன் எண்டு சொல்லுங்கோ."

யோசப்பினுக்குப் பொறுக்கவில்லை. "எணை மாமி, கிணத்தடியிலை பாசி பிடிக்க விட்டிருந்தால் என்னைச் சும்மா விட்டிருப்பியளே?"

"வாயை மூடடி. பெத்தவளுக்குத்தான் பிள்ளையின்ரை அருமை தெரியும்."

உள்ளே யோசப்பின் நடந்ததைச் சொல்லி முடித்தாள். நீதவானின் கை கண்ணாடியைத் தேடிப் போனது.

"சமாதானமாய்ப் போக ஏலாதோ, பிள்ளை?"

"போய்ப் பாத்தனான் ஐயா. இதுதான் அது." கட்டுப்போட்ட கையைத் தூக்கிக் காட்டினாள்.

"எங்கடை சாட்சியையும் கேளுங்கோ" என்று செல்வரட்ணம் எழும்பினார்.

செபஸ்தியம்மா கூண்டில் ஏறினாள். சத்தியம் செய்விக்கிற முதலியார் வேதப்புத்தகத்தை நீட்டினார். கிழவி கைகளை முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டாள்.

"உது வேண்டாம் ராசா. சைவக்காரர் புத்தகம் தொடாமல் சும்மா வாயாலை உறுதி சொல்லுவினமே, அதைச் சொல்லுறன்."

"நீங்கள் வேதக்காரர்தானே? கழுத்திலை செபமாலை கிடக்கு."

அவள் செபமாலையைச் சட்டைக்குள் தள்ளினாள். "இண்டைக்கு மட்டும் சைவம்."

நீதவான் நிமிர்ந்து உட்கார்ந்தார். "ஏன் ஆச்சி?"

"ஐயா, யாகப்பர் திருநாள் வருது, பூசையிலை நற்கருணை எடுக்கவேணும். உந்தப் புத்தகத்தை உதட்டிலை ஒத்தி முத்தி செய்துபோட்டு அப்புக்காத்தர் சொல்லித் தந்ததைச் சொன்னால் சாவான பாவம். முருகனெண்டால் எனக்குப் பழக்கமில்லை. அவர் கணக்கெடுக்கமாட்டார்."

கோட்டிலிருந்த சனம் முழுக்கச் சிரித்தது. செல்வரட்ணம் கோப்புக்குள் முகத்தைப் புதைத்தார், விபூதி கொட்டியது.

"புத்தகத்தைக் குடுங்கோ முதலியார்" என்றார் நீதவான்.

கிழவி அப்புக்காத்தைப் பார்த்தாள். மகனைப் பார்த்தாள். தப்ப வழியில்லை. முத்தி செய்தாள்.

"சொல்லுங்கோ. விழுந்தவளோ, அடிச்சவனோ?"

"துடுப்பாலை அடிச்சவன் ஐயா." மூக்கைச் சிந்தினாள். "ஆனால் அவன் நல்ல பொடியன். புத்தகத்தின்ரை மேலை சொல்லுறன்."

"அதுக்கும் பாவம் வரும் ஆச்சி. இறங்குங்கோ."

நீதவான் இம்முறை கண்ணாடியைக் கழற்றவில்லை. கனிசியஸ் குற்றவாளி, ஒத்திவைத்த சிறைத்தண்டனை. யோசப்பினின் சம்மதமில்லாமல் அவள் படலைக்குள் கால் வைத்தால் சிறைக்குள்ளே போகவேண்டியதுதான்.

வெளியே செபஸ்தியம்மா மருமகளைத் துரத்திப் பிடித்தாள்.

"எடியே, இனி உவனுக்கு ஆர் சோறு போடுறது?"

"பெத்தவளுக்குத்தானே அருமை தெரியும் மாமி. கூட்டிக்கொண்டு போங்கோ."

"அவன்ரை சாமான் சட்டு?"

"உடுக்கிற சாரமும் வலையும் படலையடியிலை வைச்சுவிடுறன்." யோசப்பின் குடையை விரித்தாள். "துடுப்பு தரமாட்டன்."