பளபளத்த வஞ்சிரம்

ஃப்ளோரன்ஸிடமே காசு வாங்கிக்கொண்டுதான் அந்த டிவிக்காரர்கள் சாந்தோமிலிருந்த அவள் மெஸ்ஸுக்கு வந்தார்கள். எதிரே ஏசி ஹோட்டல் திறந்ததிலிருந்து ஈயோட்டிக்கொண்டிருந்தாள் அவள். இந்த நிகழ்ச்சியும் கைவிட்டால் மாசக் கடைசியில் கடையை இழுத்துச் சாத்த வேண்டியதுதான்.

வந்ததும் வராததுமாக, டைரக்டர் பரத்வாஜ் தினம் சாப்பிடுகிறவர்களை வெளியே அனுப்பினான். அவர்கள் இடத்தில் மாதா கோயில் பாடகர் குழுவை ஞாயிற்றுக்கிழமைச் சட்டையோடு உட்காரவைத்தான். வறுத்த வஞ்சிரம் கேமராவில் பளபளக்க வேண்டுமாம். மெஷின் எண்ணெயில் துணிச்சாயம் கலந்து பிரஷ்ஷால் தடவினான்.

"ஐயையோ, யாராவது தின்னுட்டா?" என்றாள் ஃப்ளோரன்ஸ்.

"யாரும் தின்ன மாட்டாங்க மேடம். வாய்கிட்ட கொண்டுபோவாங்க, சிரிப்பாங்க. அவ்ளோதான்."

படுபாவி, அந்தத் தட்டைக் கொண்டுபோய் அடுப்பங்கரை மேடையிலேயே வைத்துவிட்டான். அங்கிருந்துதான் வாடிக்கைக்காரர்கள் தாங்களே மீனை எடுத்துக்கொள்வது வழக்கம். ஆட்டோ ஓட்டும் ஷாஹுல் ஹமீதுக்கு இன்றைக்கு ஷூட்டிங் என்று யார் சொன்னது? பின்வாசல் வழியாக வந்தான், எடுத்தான், தன் மூலையில் போய் உட்கார்ந்தான்.

ஃப்ளோரன்ஸ் திரும்பியபோது கேமரா ஓடிக்கொண்டிருந்தது. ஷாஹுல் அவளைப் பார்த்துத் தலையாட்டிவிட்டு, பளபளத்த அந்த மீனை வாயில் போட்டுக்கொண்டான். கத்து, கத்து என்றது மனசு. கத்தினால் எல்லாம் போச்சு. ஒரு வாய்தானே, ஒன்றும் ஆகாது, மாதாவே, ஒன்றும் ஆகக் கூடாது என்று முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு நின்றாள்.

"இந்த மூஞ்சி நேச்சுரலா இருக்கு, எடு!" என்று பரத்வாஜ் கேமராவை ஷாஹுல் பக்கம் திருப்பினான். "மீன் எப்படி இருக்கு சார்?"

"இன்னிக்கு ருசி இன்னாவோ ஒரு மாதிரி கீது. ஆனா அக்கா கை தப்பா பூடாது சார். எம் பொண்டாட்டி ஷகீலாவுக்கு ஏழாவது மாசம். எதைத் துன்னாலும் வாந்தி, இந்த மீனு மட்டும்தான் எறங்குது. இப்பதான் அதே தட்டுலேர்ந்து ரெண்டு துண்டு கட்டி, தோஸ்த்துகிட்ட வூட்டுக்குக் குடுத்தனுப்புனேன்."

"பிரமாதம் சார்!"

"துப்புடா!" என்று ஃப்ளோரன்ஸ் அலறினாள். "அதுல மெஷின் எண்ணெய்டா ஷாஹுல்! ஓடு, ஷகீலா வாயில வைக்கறதுக்குள்ள ஓடு!"

துப்பிவிட்டு ஓடினான் ஷாஹுல். வாசலில் ஒரு கணம் நின்று திரும்பினான்.

"நான் வாயில வைக்கிறப்ப பாத்துக்கினுதானேக்கா நின்னே?"

அவள் வாசலுக்கு வருவதற்குள் ஆட்டோ கிளம்பிவிட்டது.