தாய்வீட்டுக் கோடி

பாரிமுனையில் வக்கீல் பிராங்கிளினிடம் பகலவனுக்கு வேலை, பேச்சை வெளுத்துக் கொடுப்பது. கட்சிக்காரன் எதிரே உட்கார்ந்து, "ஸ்கெட்ச் போட்டது அவனுங்க சார். பொருள் எங்கேர்ந்து வந்துச்சுன்னே எனுக்குத் தெரியாது. சம்பவத்தப்போ நான் வூட்ல தூங்கிகினு இருந்தேன்" என்பான். பகலவன் அதைத் தட்டச்சு செய்வான்: 'சதித்திட்டம் குறித்தோ ஆயுதங்கள் குறித்தோ மனுதாரர் ஏதும் அறியார்.' இந்தத் தொழிலில் கொலையைக் கொலை என்று எவனும் சொல்வதில்லை. அது சம்பவம். கத்தி பொருள். சாகவேண்டியவன் பார்ட்டி.

வீட்டுக்குப் போனால் மனைவி மாயா கேட்பாள், "இன்னிக்கு இன்னா புதுசு?" அவன் சொல்வான். அவள் மறக்கமாட்டாள். மீனை அலசி வைத்துவிட்டு, "சம்பவம் முடிஞ்சிது, மசாலாவ எடு" என்பாள்.

இப்போது மாயா கண்ணாடிப் பெட்டிக்குள் இருந்தாள். எண்ணூர் சாலையில் கண்டெய்னர் லாரி பின்னாலிருந்து இடித்து அவளையும் ஸ்கூட்டியையும் இழுத்துக்கொண்டு போயிருந்தது. டிரைவர் இறங்கி ஓடிவிட்டான். அந்தச் சாலையில் அது அதிசயமில்லை. ஆஸ்பத்திரியில் அறுத்துத் தைத்துக் கொடுத்ததைத் திருவொற்றியூருக்குக் கொண்டுவந்து, தெருவில் பந்தல் போட்டு வைத்திருந்தார்கள். முகம் மட்டும் தப்பியிருந்தது.

எல்லோரும் கோடிக்காகக் காத்திருந்தார்கள். பொண்ணு செத்தால் பிறந்த வீட்டிலிருந்து உடன்பிறந்தான் புடவை எடுத்துவந்து போர்த்த வேண்டும். மேளத்தோடு, தட்டில் வைத்து, தெருமுனையிலிருந்து நடந்து வரவேண்டும். அது விழாமல் பிணத்தைத் தூக்கமாட்டார்கள்.

மாயாவின் தம்பி ஜெயவேல் ஒரு சம்பவத்தில் பெயர் அடிபட்டு ஆந்திரப் பக்கம் ஒளிந்திருந்தான். போலீசுக்குப் பயந்தல்ல, செத்தவனின் ஆட்களுக்குப் பயந்து. மீசை முளைக்கும் வயதில் போனவன். இப்போது எப்படி இருப்பான் என்று பெற்றவளுக்கே தெரியாது.

"எம்புள்ள வருவான்" என்றாள் மாமியார் தங்கபுஷ்பம். "அக்காவுக்குக் கோடி போடாம எங்க போவான்."

வேம்பு அவளுக்கு டீ கொண்டுவந்து கொடுத்தான். தங்கபுஷ்பத்தின் அக்கா மகன். தண்ணிக்கேன் வண்டி ஓட்டுகிறவன். காலையிலிருந்து நாற்காலி இறக்கியதும் ஐஸ் பெட்டிக்குக் கரண்ட் இழுத்ததும் அவன்தான்.

"குடி சித்தி. நீயும் மயங்கி வுழுந்தா நான் எத்தினி பெட்டிக்கு கரண்ட் இழுக்கறது?"

அழுதுகொண்டிருந்த பெண்களில் இரண்டு பேர் சிரித்துவிட்டார்கள்.

பகலவன் அழவில்லை. எழுந்து பந்தலுக்குப் பின்னால் முகம் கழுவப் போனான். தடுப்புத் துணிக்கு அந்தப் பக்கம் இரண்டு பையன்கள் நின்றிருந்தார்கள். ஒருவன் கையில் பூக்கூடை. பூ போட வந்தவர்கள் என்று நினைத்திருந்தான்.

கூடைக்காரன் போனில் பேசினான். "பொருள் பூவுக்கு அடியில கீது ணா. பார்ட்டிய நாங்க பாத்ததே இல்லியே, எப்பிடி..." கேட்டுக்கொண்டான். "சரி ணா. எவன் கையில கோடியோ அவன்தான்."

போனை வைத்ததும் மற்றவன் கேட்டான், "வருவானா மாமு?"

"வராம? அதுக்குத்தான லாரி. அக்காள தூக்குனா தம்பி கோடியோட வருவான்னு அண்ணன் அன்னிக்கே சொல்லிச்சு. மூளைடா அது."

"பாவம்டா அந்தப் பொண்ணு."

"நீ இன்னா அவளுக்கு மொறப்பையனா? பீடி குடு."

பகலவனின் மனதுக்குள் விரல்கள் தாமாக ஓடின. 'மேற்படி பெண்ணின் மரணமானது, அவரது தம்பியை வரவழைக்கும் பொருட்டு நிகழ்த்தப்பட்டது.' வாக்கியம் சரியாக இருந்தது. ஒரு எழுத்துப்பிழை இல்லை. அவன் குழாயை மூடினான்.

வீட்டுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு ஜெயவேலைக் கூப்பிட்டான்.

"கும்மிடிப்பூண்டி தாண்டிட்டேன் மாமா. தோ வந்துகினே கீறேன்."

"வராதே. திரும்பிப் போ."

"இன்னா மாமா பேசுற. அக்கா மாமா அது. நான் போடாம யாரு போடுவா?"

"கோடி போட வர்றவனை வெட்டுறதுக்கு ஆள் வந்திருக்கு. உங்கக்கா மேல சத்தியம். அடுத்த ஸ்டேஷன்ல இறங்கு."

அந்தப் பக்கம் ரயில் சத்தத்துக்கு நடுவே மூக்கை உறிஞ்சுவது கேட்டது. "சரி மாமா."

லாரியைப் பற்றிச் சொல்லவில்லை. சொன்னால் அவன் வந்துவிடுவான்.

வேறு யாரிடமும் எதையும் சொல்லவில்லை. சொன்னால் கூட்டம் கலையும், போலீஸ் வரும், மாயா இன்னொரு நாள் அந்தப் பெட்டியில் கிடப்பாள். ஜெயவேல் வரவில்லை என்றால் பையன்கள் வெறுங்கையோடு போய்விடுவார்கள். அவ்வளவுதானே. படித்தவன் கணக்கு அப்படி ஓடியது.

மாமியாரிடம் மட்டும், "ஜெயவேல் வரலை அத்தை" என்றான்.

அவள் மாரில் அடித்துக்கொண்டாள். அதற்குள் பெரியவர்கள் பகலவன் கையில் குடத்தைக் கொடுத்து, பிணத்தைக் குளிப்பாட்டத் தண்ணீர் எடுத்துவர அழைத்துப் போனார்கள். தெருக்குழாயில் தண்ணீர் நூலாக வந்தது. குடம் நிறையும்வரை நின்றான்.

திரும்பும்போது தெருமுனையில் மேளம் கேட்டது. பறைக்குப் பின்னால் தட்டில் சிவப்புப் புடவையோடு வேம்பு வந்துகொண்டிருந்தான். தலை வாரி, யாருடையதோ வெள்ளைச் சட்டை போட்டிருந்தான். சட்டை தோளில் இறுக்கிப் பிடித்தது. முகத்தில் கேலி இல்லை.

பெரியம்மா மகனும் தம்பிதான். கூடப் பிறந்தவன் வராவிட்டால் அவன் எடுத்துவருவான். இந்தத் தெருவில் பிறந்த குழந்தைக்கும் தெரிந்தது பகலவனுக்குத் தோன்றாமல் போயிற்று.

குடத்தைப் போட்டுவிட்டு ஓடினான். வேம்புவின் கையிலிருந்து தட்டைப் பிடுங்கினான்.

"மாமா, இன்னா பண்ற? வுடு."

"நான் எடுத்துட்டு வரேன். நீ போ. போடா."

"தாய்வூட்டுக் கோடிய புருஷன் தொடக்கூடாது மாமா. அக்காவுக்கு ஆகாது."

"வெட்ட வந்திருக்காங்கடா. உன்னை ஜெயவேல்னு நெனச்சு வெட்டுவாங்க. போ."

பறை நின்றது. கிழவர்கள் பகலவனை இரண்டு பக்கமும் பிடித்துக்கொண்டார்கள். "பொண்டாட்டி போன துக்கம், பித்துப் புடிச்சிச்சு" என்றார் ஒருவர். "இறுக்கிப் புடி. வுழுந்துருவான்." பாசமாகத்தான் பிடித்தார்கள். கை எலும்பு வலித்தது.

வேம்பு தட்டை வாங்கிக்கொண்டான். கலைந்த புடவையை மடிப்பு குலையாமல் நீவி வைத்தான். "ஒண்ணும் ஆவாது மாமா. நான் போட்டுட்டு வந்துடறேன்."

கூடைக்காரன் பூவோடு முன்னால் வந்தான். காலையிலிருந்து பிணத்தின் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவன் புருஷன் என்று அவனுக்குத் தெரியும். அவன் பகலவனைப் பார்க்கவே இல்லை. தட்டைப் பார்த்தான்.

முதல் வெட்டு கழுத்தில் விழுந்தது. வேம்பு தட்டை விடவில்லை. இரண்டாவதற்குக் கை விட்டது. பூவெல்லாம் தெருவில் கொட்டியது. கூட்டம் சிதறி ஓட, பகலவனைப் பிடித்திருந்தவர்களும் ஓடினார்கள். அவன் அங்கேயே நின்றான். பையன்கள் சந்துக்குள் நடந்தே போனார்கள். போகும்போது கூடைக்காரன் போனில் சொன்னான். "முடிஞ்சிது ணா. நீட்டா."

வேம்புவின் வாய் கொஞ்ச நேரம் அசைந்தது. பகலவன் குனிந்து காதை வைத்தான். சொல் எதுவும் வரவில்லை.

போலீஸ் வந்தது. வேம்புவை ஒரு துணியில் சுருட்டி எடுத்துப் போனார்கள். எழுத்தர் பகலவனிடம், "சம்பவ இடத்துல நீங்க இருந்தீங்களா?" என்று கேட்டார். இருந்தேன் என்றான்.

மாயா செத்து நாளாகிவிட்டது, உடல் இனி தாங்காது என்றார்கள். தங்கபுஷ்பம் யாரையும் கேட்கவில்லை. தெருவில் கிடந்த புடவையை எடுத்து உதறினாள். சிவப்பில் சிவப்பு தெரியவில்லை. மாயாவின் மேல் போர்த்தினாள். ஈரம் துணியைத் தாண்டி வந்தது. "ஒரு தம்பி போட்டதுதானே" என்றாள். "தூக்குங்கப்பா."

தூக்கினார்கள். தெருமுனை திரும்பும்போது பகலவனின் போன் அடித்தது.

"கோடி வுழுந்துதா மாமா?"

"விழுந்தது."

"யாரு போட்டது?"

"வேம்பு."

ஜெயவேல் நீளமாக மூச்சு விட்டான். "நல்லவன் மாமா. என் எடத்துல நின்னான் பாரு. போனை அவன்கிட்ட குடு. ஒரு வார்த்தை பேசிக்கிறேன்."