பெரிய ஜாடியும் சின்ன வாயும்

"மூடியில கை வச்சே, கைய ஒடிச்சிருவேன்!"

"கத்தாதீங்க. சரிஞ்சிருந்துச்சு, நேராக்கினேன்."

கத்தியது எங்கள் தெரு மசுயோ. மற்றவள் டோக்கியோக்காரி என்பது பேச்சிலேயே தெரிந்தது. ஒசாகாவில் சண்டைக்கு இவ்வளவு மரியாதை கிடையாது. நான் எதிர்க்கடை சலவைக்காரி. நிஷிவாகியின் சட்டை இன்னும் காயவில்லை; ஆனாலும் அதைத் தூக்கிக்கொண்டு அவருடைய அஸ்தி ஜாடிக் கடைக்குள் நுழைந்துவிட்டேன்.

மேசைமேல் அரிசிப் பானை அளவில் ஒரு வெள்ளை ஜாடி. அதற்குள் மசுயோவின் புருஷன் யசுனோரி. பதினோரு வருஷம் டோக்கியோவில் வேலை. புத்தாண்டுக்கும் கோடை விடுமுறைக்கும்தான் மனைவியிடம் வருவான். மிச்ச நாளெல்லாம் யாரிடம் இருந்தான் என்பது தெருவுக்கே தெரியும். மசுயோவுக்கும் தெரியும், காட்டிக்கொள்ள மாட்டாள். அந்த டோக்கியோக்காரி தொமோயேதான் இப்போது கறுப்பு உடையில் எதிரே நின்றாள்.

அவன் செத்ததும் எரிந்ததும் டோக்கியோவில். அங்கே பாதத்திலிருந்து மண்டை வரை ஒரு துண்டு விடாமல் பொறுக்கிப் பெரிய ஜாடியில் போடுவார்கள். இங்கே தொண்டை எலும்பும் ஒரு கைப்பிடியும் போதும். மிச்சத்தைத் தகனக்கூடத்திலேயே விட்டுவிட்டு வருவோம், திரும்பிப் பார்ப்பதில்லை. நிஷிவாகியின் கடையில் பெரிய ஜாடி வருஷத்துக்கு ஒன்று விற்றால் அதிசயம். எங்கள் குடும்பக் கல்லறைகளில் ஜாடியை உள்ளே வைக்கும் வாயும் அந்தக் கணக்குக்குத்தான் வெட்டியது. நாளைக்கு, அவன் செத்த நாற்பத்தொன்பதாம் நாளில், அடக்கம். பெரிய ஜாடி உள்ளே போகாது.

"கல்லு வாயை வெட்டிப் பெரிசாக்கலாமே" என்றேன், சும்மா இருக்க முடியாமல்.

"அவரு அண்ணன்கிட்ட கேட்டாச்சு. நாலு தலைமுறையா யாருக்கும் பத்தாம போகல, இவனுக்கு மட்டும் பத்தலையான்னுட்டாரு" என்றாள் மசுயோ. "சின்னதுல மாத்துங்க அண்ணே. மிச்சம் கோயில் பொதுக்குழிக்கு."

"அந்த மிச்சத்தை எனக்குக் குடுங்க" என்றாள் தொமோயே. "அதுக்குத்தான் வந்தேன்."

"புருஷன் வேணும்னா கட்டிக்கிட்டிருக்கணும்!"

"நீங்க கட்டிக்கிட்டீங்க. காய்ச்சல்ல கஞ்சி ஊத்தினது நான். குழியில கொட்டப் போறதைத்தானே அக்கா கேக்கறேன்?"

"அக்காவாம்! யாருக்குடி அக்கா?"

நிஷிவாகி எலும்பு எடுக்கும் நீளக் குச்சிகளை எடுத்தார். டோக்கியோவில் காலிலிருந்து அடுக்குவதால் தொண்டை எலும்பு மேலேயே இருந்தது. மசுயோவின் கண்ணெதிரே அதைச் சின்ன ஜாடியில் வைத்தார், பிறகு விலா, பல், மண்டை ஓட்டில் ஒரு சில்லு. அவ்வளவுதான், நிறைந்துவிட்டது. மசுயோ பெரிய ஜாடிக்குள் எட்டிப் பார்த்தாள். எடுத்த அடையாளமே இல்லை.

அந்த முகத்தை நான் பார்த்திருக்கக் கூடாது.

"எடுத்துட்டுப் போ" என்றாள் கடைசியில். "எங்க ஊர்ல பெருக்கித் தள்ளறதுதான் உனக்கு. முக்கியமானது என்கிட்ட இருக்கு."

தொமோயே இடுப்பு மடியக் குனிந்து வணங்கினாள். பெரிய ஜாடியைத் துணியில் கட்டி, பிள்ளையைத் தூக்குவதுபோல மார்போடு அணைத்துக்கொண்டு போனாள். கனத்தில் ஒரு பக்கம் சாய்ந்து நடந்தாள். மசுயோ தன் பங்கை ஒற்றைக் கையில் பிடித்தபடி, தெரு திரும்பும்வரை அவளையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

மறுநாள் அடக்கம் கால் மணி நேரத்தில் முடிந்தது. வசந்தத்தில் ஊரே கல்லறைக்குப் போகும் நாளில் மசுயோ போகவில்லை. ஏனென்று கேட்டேன். "அவ்வளவு கொஞ்சத்துக்கு எதுக்குப் பூ?" என்றாள்.

இரண்டு வருஷம் கழித்து மசுயோ வகயாமா பக்கம் ஆரஞ்சுத் தோட்டக்காரர் ஒருவரைக் கட்டிக்கொண்டு போனாள். செத்தால் இனி அவளுக்கு அவர் குடும்பக் கல்லறைதான், யசுனோரி பக்கத்தில் இல்லை. தொமோயே டோக்கியோ வீட்டைக் காலி செய்துவிட்டு நிகாத்தாவில் இருக்கும் தங்கை வீட்டுக்கே போய்விட்டாளாம், ஜாடியோடு.