ஆனி மாதம் நீங்கலாக

1

இந்தக் கதை நான் போட்ட ஒரு சைபரிலிருந்து வந்தது. பிளஸ் ஒன் காலாண்டுக் கணக்குத் தாளில் போட்டது. குற்றத்தை என் பெயரில் எழுதக் கை ஓடவில்லை. அதனால் இனி நான் ஷீபா மிஸ். பழனிசெட்டிபட்டியிலிருந்து தினமும் கம்பம் பஸ் பிடித்துப் போகும் கணக்கு டீச்சர்.

2

மலையிலிருந்து மேகம் இறங்கிய அந்தக் காலையில் ஷீபா

(வேண்டாம். அவள் தாள் திருத்தியது ஸ்டாஃப் ரூமில். அங்கே ஜன்னல்கூடக் கிடையாது.)

கேள்வி அவளே தயாரித்தது. பிள்ளைகளுக்குப் பழகிய விஷயமாக இருக்கட்டுமே என்று திராட்சையை இழுத்துவந்தாள். வருடத்தின் x-ஆம் நாளில் கொடியை வெட்டிக் கவாத்து செய்தால் 120 நாள் கழித்து அறுவடை. f(x) = x + 120 என்ற சார்பின் சார்பகம் எழுதுக; அதாவது, x-க்கு எந்தெந்த நாளைப் போடலாம்? விடை: 1 முதல் 365 வரை. இரண்டு மார்க்.

சுருளிப்பட்டி நாகஜோதி அதை எழுதி, பக்கத்தில் 'ஆனி மாதம் நீங்கலாக' என்றும் சேர்த்திருந்தாள். ஷீபா சிரித்தாள். சைபர் போட்டாள். கூட்டிப் பார்த்தால் 33. முப்பத்தைந்து எடுக்காதவர்களைக் காமர்ஸ் குரூப்புக்கு மாற்றிவிடுவது அந்தப் பள்ளியின் வழக்கம்.

3

நாகஜோதியை முதலில் அழவைத்திருந்தேன். அந்த வரியை அடித்துவிட்டேன். அவள் அழுகிற ரகமில்லை.

"ஆனியில கவாத்து வெட்டுனா ஐப்பசியில அறுக்கணும் மிஸ். மழையில பழம் வெடிச்சு அழுகிரும்."

"கணக்குல மழை கிடையாதும்மா."

"நீங்கதான மிஸ் திராட்சைன்னு போட்டீக? போன வருசம் எங்கப்பா ஆனியிலதான் வெட்டுனாக. அம்புட்டையும் ரோட்டோரத்துல கொட்டுனாக. அந்த மாசத்தைச் சேத்து எழுத எனக்குக் கை வரல."

ஷீபாவுக்குச் சுருக்கென்றது. (எனக்கும்.)

4

முடிவு ஒன்று: ஷீபா இரண்டு மார்க்கைப் போட்டாள். எல்லோரும் சந்தோஷமாக

இல்லை. நாகஜோதி சரியென்றால் வெறும் '1 முதல் 365' தப்பு. அப்படி எழுதிய ஈஸ்வரபாண்டி சரியாக 35-ல் நிற்கிறான்.

முடிவு இரண்டு: சைபர் அப்படியே இருந்தது. நாகஜோதி காமர்ஸ் வகுப்பில் போய்

இந்த வாக்கியத்தை ஐந்து தடவை எழுதி, ஐந்து தடவையும் அடித்தேன்.

இரண்டு பேருக்கும் போட்டுத் தொலையேன் என்கிறீர்கள். ஒரே x-க்கு இரண்டு விடை வந்தால் அது சார்பே இல்லை என்று ஜூலை முழுக்கத் தொண்டை கட்டக் கத்தியவள் ஷீபாதான்.

திங்கட்கிழமை மார்க் பட்டியல் ஆபீசுக்குப் போகவேண்டும். ஷீபா என்று எழுதினாலும் அதில் கையெழுத்துப் போடவேண்டியது நான். கேள்வியைத் தப்பாகக் கேட்டதும் நான்தான். அதற்கு மார்க் குறைக்க எந்தத் தாளிலும் இடமில்லை.

இரண்டு தாள்களும் இங்கே இருக்கின்றன. சிவப்புப் பேனா, இந்தாருங்கள்.